நிலவுக்குப் போகாதவர் எடுத்த நிலவுப் படம்

சென்ற இதழில் அல் ரைனர்ட் என்ற அமெரிக்கத் திரைக்கதை ஆசிரியரைப் பற்றி ஒரு வாசகர் கேட்டிருந்தார். "நிலவுப் பயணங்களைப் பற்றிய மிகச் சிறந்த ஆவணப்படமான 'ஃபார் ஆல் மேன்கைண்ட்' படத்தை எடுத்தவர், 'அப்போலோ 13' படத்தின் திரைக்கதையை எழுதிய இருவரில் ஒருவர்" என்று இரண்டு வரியில் பதில் சொல்லி முடித்திருந்தேன். அது போதாது என்று பலர் எழுதியிருக்கிறார்கள். அவர்கள் சொல்வது சரிதான். ஆகவே இந்த இதழின் கேள்வி பதில் பகுதியை முழுவதும் அவருக்கே ஒதுக்கிவிட்டேன்.

கேள்வி: அல் ரைனர்ட் விஞ்ஞானியா, பொறியாளரா? விண்வெளியின் பக்கம் எப்படி வந்து சேர்ந்தார்?

பதில்: இரண்டும் இல்லை, அவர் செய்தியாளர். 1947இல் பிறந்தவர். அமெரிக்காவின் டெக்ஸஸ் மாநிலத்தில் 'ஹூஸ்டன் க்ரானிக்கிள்' நாளிதழிலும், பின்னர் 'டெக்ஸஸ் மந்த்லி' என்ற மாத இதழிலும் எழுதி வந்தார். நாசாவின் விண்வெளி வீரர்கள் பயிற்சி பெற்றதும், பறக்கும் கலங்களோடு பேசும் கட்டுப்பாட்டு மையம் இருந்ததும் ஹூஸ்டனில்தான். அந்த ஊரில் பத்திரிகை வேலை பார்க்கும் ஒருவருக்கு நிலவுக்குப் போய்வந்தவர்கள் எட்டிவிடும் தொலைவில் இருந்தார்கள்.

அவர் அவர்களைத் தேடிப் போன காலத்தைக் கவனிக்க வேண்டும். கடைசி நிலவுப் பயணமான அப்போலோ 17, 1972 டிசம்பரில் திரும்பி வந்துவிட்டது. அதன் பிறகு உலகின் கவனம் வேறு பக்கம் போய்விட்டது. பேரணிகளும் பேட்டிகளும் ஓய்ந்து, வீரர்களில் சிலர் வேறு வேலைகளுக்குப் போய்விட்ட அந்த அமைதியான ஆண்டுகளில்தான் ரைனர்ட் ஒலிப்பதிவுக் கருவியோடு அவர்கள் எதிரே உட்கார்ந்தார். கொண்டாட்டத்தின் நடுவே கேட்கும் கேள்விக்கும், எல்லோரும் எழுந்து போன பிறகு கேட்கும் கேள்விக்கும் கிடைக்கும் பதில்கள் ஒன்றாக இருப்பதில்லை. உந்துவிசை, எரிபொருள், பாறை மாதிரி என்று அறிக்கை வாசித்துப் பழகியிருந்தவர்கள், இவரிடம் பயத்தைப் பற்றியும் தூக்கத்தைப் பற்றியும் கனவைப் பற்றியும் பேசினார்கள். அப்படிச் சேர்ந்த உரையாடல்கள் ஏறத்தாழ 80 மணி நேரம்.

கேள்வி: 'ஃபார் ஆல் மேன்கைண்ட்' படத்தில் ரைனர்ட் ஒரு காட்சியைக்கூடத் தாமே படம் பிடிக்கவில்லை என்கிறார்கள். நாசா எடுத்த படச்சுருளை வெட்டி ஒட்டியவரை இயக்குநர் என்று சொல்வது எப்படிப் பொருந்தும்?

பதில்: இந்தக் கேள்வியில் ஒரு குறை கூறும் தொனி இருந்தாலும், கேட்க வேண்டிய கேள்விதான். சற்று விரிவாகவே சொல்கிறேன்.

வீரர்களோடு பேசியபோது ரைனர்டுக்கு ஒரு செய்தி தெரியவந்தது. அப்போலோ பயணங்களில் எடுக்கப்பட்ட படச்சுருள்கள் மலை போலக் குவிந்திருந்தன. ஆனால் தொலைக்காட்சியில் மக்கள் திரும்பத் திரும்பப் பார்த்ததோ அவற்றில் சில நிமிடங்களை மட்டுமே. மற்றவை நாசாவின் காப்பகத்தில் பத்திரமாக உறங்கிக்கொண்டிருந்தன. அவர் முன்னால் இருந்த பிலிமின் நீளம் சுமார் 60 லட்சம் அடி என்று சொல்லப்படுகிறது. அத்தனையும் 16 மில்லிமீட்டர் பிலிம் என்று வைத்துக் கணக்குப் போட்டுப் பார்த்தேன்: இரவு பகல் நிறுத்தாமல் ஓட்டினாலும் பார்த்து முடிக்க ஏறத்தாழ நான்கு மாதம் ஆகும். அதிலிருந்து சுமார் 80 நிமிடப் படம் பிறந்தது. எண்பதுகளின் தொடக்கத்தில் ஒரு வடிவம் பெற்று, பிறகு மாற்றி அமைக்கப்பட்டு, 1989இல்தான் வெளியானது. ஒரு படத்துக்காக ஏறத்தாழ பத்து ஆண்டு என்பது, வெட்டி ஒட்டுகிற வேலைக்கு யாரும் கொடுக்கிற காலம் இல்லை.

அந்தப் பிலிம் எதற்காக எடுக்கப்பட்டது என்பதையும் நினைவில் வைக்க வேண்டும். விண்கலத்தில் இருந்த சிறிய மௌரர் கேமரா பொறியாளர்களின் பயன்பாட்டுக்கானது. ஒரு கலம் இன்னொன்றோடு சரியாக இணைகிறதா, இறங்கும்போது புழுதி எப்படி எழுகிறது என்று பின்னர் ஆராய்வதற்கான பதிவுக் கருவி. அதன் பிலிம் பெட்டியில் 140 அடிதான் இருக்கும். வழக்கமான திரைப்பட வேகத்தில், அதாவது நொடிக்கு 24 ஃபிரேம் என்று ஓடவிட்டால், நான்கு நிமிடத்துக்குள் தீர்ந்துவிடும். ஆகவே வீரர்கள் பல நேரங்களில் நொடிக்கு 6 அல்லது 12 ஃபிரேம் என்ற வேகத்துக்குத் திருப்பி வைத்தார்கள். 6 ஃபிரேமில் ஓடினால் அதே பெட்டி பதினைந்து நிமிடத்துக்கு மேல் தாங்கும். ஆனால் அப்படி எடுத்ததை அப்படியே திரையரங்கில் ஓட்டினால் மனிதர்கள் நான்கு மடங்கு வேகத்தில் துள்ளித் துள்ளி ஓடுவார்கள். நிலவில் நடக்கும் அந்த மெதுவான, மிதக்கும் நடை கேலிக்கூத்தாகிவிடும். ஒவ்வொரு ஃபிரேமையும் நான்கு முறை அச்சிட்டால்தான் அசல் வேகம் திரும்பும். இதற்கு மேல், 16 மில்லிமீட்டர் படத்தை அரங்குக்கு ஏற்ற 35 மில்லிமீட்டருக்குப் பெரிதாக்கும் வேலையும் இருந்தது. ஆராய்ச்சிக்காக எடுத்த பதிவைக் கண்ணுக்கும் மனத்துக்குமான காட்சியாக மாற்றுவது என்றால், ஃபிரேம் ஃபிரேமாக உட்கார்ந்து செய்ய வேண்டிய உழைப்பு அது.

அடுத்தது ஒலி. இந்தப் படத்தில் கதை சொல்லும் வர்ணனையாளர் கிடையாது. 1962 செப்டம்பர் 12 அன்று ரைஸ் பல்கலைக்கழக மைதானத்தில் அதிபர் கென்னடி ஆற்றிய உரையோடு படம் தொடங்குகிறது. அதன் பிறகு வீரர்களின் குரல்களும், கட்டுப்பாட்டு மையத்தின் உரையாடல்களும், பிரையன் ஈனோ தம் தம்பி ரோஜர் ஈனோவோடும் டேனியல் லன்வாவோடும் சேர்ந்து அமைத்த இசையும் மட்டுமே. வீரர்களில் பலர் அமெரிக்க ஊர்ப்புறப் பாட்டான கன்ட்ரி இசையின் நாடாக்களைக் கலத்துக்குள் எடுத்துச் சென்றார்கள் என்பதை அறிந்த ஈனோ, அந்த இசைக்கு உயிரான பெடல் ஸ்டீல் கிட்டாரை லன்வாவை வாசிக்கச் செய்து, எடையற்ற வெளியில் மிதப்பது போல ஒலிக்க வைத்தார். ஊர்ப்புறத்துப் பாட்டின் ஏக்கமும் வெற்றிடத்தின் நிசப்தமும் ஒரே கருவியில் கேட்கும்.

ஓர் இடத்தை மட்டும் சொல்லிவிடுகிறேன். அப்போலோ 16 பயணத்தில் நிலவில் நடந்த சார்லஸ் டியூக், பயணத்துக்கு முன்பு தமக்கு வந்த ஒரு கனவைச் சொல்கிறார். கனவில் அவரும் சக வீரர் ஜான் யங்கும் நிலவில் வண்டி ஓட்டிப் போகிறார்கள். வழியில் வேறொரு வண்டியின் தடம் தெரிகிறது. தடத்தைப் பின்தொடர்ந்து போனால், தங்களுடையதைப் போன்ற ஒரு வண்டியும், அதில் தங்களைப் போலவே இருவரும். ஆயிரக்கணக்கான ஆண்டுகளாக அங்கேயே இருப்பவர்கள். அது தமக்குப் பயமாகவே இல்லை என்கிறார் டியூக். இந்தப் பேச்சு ஓடும்போது திரையில் நிலவின் உண்மையான வண்டியும் சாம்பல் நிற மேடுகளும் போய்க்கொண்டிருக்கும். நான் முதன்முறை பார்த்தபோது அந்த இடத்தில் படத்தை நிறுத்திவிட்டுச் சற்று நேரம் சும்மா உட்கார்ந்திருந்தேன். அந்தப் பிலிமில் கனவு இல்லை; அந்தக் குரலில் காட்சி இல்லை. இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைக்க வேண்டும் என்று ஒருவருக்குத் தோன்றியதே, அதற்குப் பெயர்தான் இயக்கம்.

சண்டான்ஸ் திரைப்பட விழாவில் 1989இல் ஆவணப்படங்களுக்கான நடுவர் குழுவின் முதல் பரிசு, பார்வையாளர் பரிசு இரண்டையும் இது பெற்றது. ஆஸ்கர் பரிந்துரையும் கிடைத்தது.

கேள்வி: அந்தப் படத்தில் எந்தப் பயணம், எந்த வீரர் என்று எதுவுமே குறிப்பிடப்படவில்லை. பல பயணங்களை ஒரே பயணம் போலக் காட்டுவது வரலாற்றுக்கு நேர்மையானதா?

பதில்: 1968 முதல் 1972 வரை நிலவை நோக்கிப் போன ஒன்பது பயணங்கள் படத்தில் ஒரே பயணமாகின்றன. ஒரு வீரர் உடையணிந்து கிளம்புகிறார், இறங்குவது இன்னொருவர், திரும்பி வருவது மூன்றாமவர். அது மட்டுமில்லை, 1965இல் ஜெமினி 4 பயணத்தில் எட் வைட் கலத்துக்கு வெளியே மிதந்த காட்சியும் உள்ளே கலந்திருக்கிறது. அவர் நிலவுக்குப் போனவரே இல்லை. 1967இல் ஏவுதளத்தில் நடந்த அப்போலோ 1 தீ விபத்தில் உயிரிழந்த மூவரில் ஒருவர். வரலாற்று மாணவர் ஒருவர் இதைப் பார்த்து முகம் சுளித்தால் அவரைக் குறை சொல்ல மாட்டேன்.

ஆனாலும் என் தீர்ப்பு ரைனர்டின் பக்கமே. போய்வந்த 24 பேரில் நாம் பெயர் சொல்லி நினைவுகூர்வது இரண்டு மூன்று பேரைத்தான். பெயர்ப் பட்டி போட்டிருந்தால், 'இவர் முதல் ஆள், இவர் பன்னிரண்டாவது ஆள்' என்று மனம் வரிசைப்படுத்தத் தொடங்கிவிடும். பெயரை எடுத்துவிட்டதால், பேசுகிறவர் ஒரு மனிதர் என்பது மட்டும் மிஞ்சுகிறது. நிலவில் இறங்கிய அப்போலோ 11 கலத்தின் காலில் பொருத்தப்பட்ட தகட்டில், 'மனிதகுலம் முழுமைக்காகவும் நாங்கள் அமைதியோடு வந்தோம்' என்று எழுதியிருக்கிறது. படத்தின் ஆங்கிலத் தலைப்பும் அதில் வரும் 'மனிதகுலம் முழுமைக்காகவும்' என்ற சொற்களே. பெயர்களை நீக்கிய முடிவு அந்தத் தலைப்போடு ஒட்டி நிற்கிறது. ஒன்று மட்டும் சொல்வேன்: இந்தப் படத்தைப் பார்ப்பவர்கள் இதை அப்போலோவின் நாட்குறிப்பாக எடுத்துக்கொள்ளக் கூடாது. தேதியும் வரிசையும் வேண்டுமானால் அதற்கு நூல்கள் இருக்கின்றன.

கேள்வி: 'அப்போலோ 13' எல்லோருக்கும் முடிவு தெரிந்த கதை. அதில் திரைக்கதை ஆசிரியருக்கு என்ன வேலை இருந்தது?

பதில்: நடந்ததை முதலில் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 1970 ஏப்ரல் 11 அன்று ஜிம் லவல், ஜாக் ஸ்வைகர்ட், ஃபிரெட் ஹெய்ஸ் மூவரும் கிளம்பினார்கள். இரண்டு நாள் கழித்து, பூமியிலிருந்து 3 லட்சம் கிலோமீட்டருக்கும் அப்பால், கலத்தின் ஆக்ஸிஜன் தொட்டி ஒன்று வெடித்தது. தாய்க் கலத்தில் மின்சாரம் அடங்கிப்போக, நிலவில் இறங்குவதற்கென இருவருக்காகச் செய்யப்பட்ட சிறு கலத்துக்குள் மூவரும் ஒண்டிக்கொண்டு, நிலவைச் சுற்றி, ஏப்ரல் 17 அன்று உயிரோடு கடலில் வந்து இறங்கினார்கள். லவலும் ஜெஃப்ரி க்ளூகரும் எழுதிய நூலை அடிப்படையாக வைத்து வில்லியம் பிராய்ல்ஸும் ரைனர்டும் திரைக்கதை எழுத, ரான் ஹோவர்ட் இயக்கிய படம் 1995இல் வந்தது. பிராய்ல்ஸ் வேறு யாரும் இல்லை. 'டெக்ஸஸ் மந்த்லி' இதழைத் தொடக்கத்தில் நடத்திய ஆசிரியர். பத்திரிகைக்காரர்கள் இருவர் எழுதிய திரைக்கதை என்பதைப் படம் பார்க்கும்போது உணரலாம்.

கரியமில வாயுக் காட்சியை எடுத்துக்கொள்ளுங்கள். சிறு கலத்தில் மூச்சுக்காற்றைச் சுத்திகரிக்கும் லித்தியம் ஹைட்ராக்சைடு குப்பிகள் மூவருக்குப் போதாது. தாய்க் கலத்தில் கூடுதல் குப்பிகள் இருந்தன. ஆனால் அவை சதுரம், சிறு கலத்தின் துளையோ வட்டம். வேதியியலைப் பாடமாக நடத்தினால் அரங்கில் பாதிப் பேர் எழுந்து போய்விடுவார்கள். இவர்கள் என்ன செய்தார்கள்? ஒரு பொறியாளர் ஒரு பெட்டி நிறையச் சாமான்களை மேசைமேல் கொட்டுகிறார். குழாய், பிளாஸ்டிக் பை, அட்டை, ஒட்டும் நாடா. கலத்துக்குள் இருப்பது இவ்வளவுதான். இதை மட்டும் வைத்துக்கொண்டு சதுரத்தை வட்டத்துக்குள் பொருத்த வேண்டும் என்கிறார். குழந்தைகூடப் புரிந்துகொள்ளும். அதே நேரத்தில் விஷயத்தில் பொய்யும் இல்லை. உண்மையிலேயே அப்படிப்பட்ட பொருள்களால்தான் அந்த இணைப்பு செய்யப்பட்டது. முடிவு தெரிந்த கதையில் பார்வையாளரைக் கட்டிப்போடுவது, 'பிழைப்பார்களா' என்ற கேள்வியைவிட 'எப்படி' என்ற கேள்வியே என்பதை இருவரும் நன்றாக அறிந்திருந்தார்கள்.

கற்பனையும் உண்டு. கலத்துக்குள் ஸ்வைகர்ட்டும் ஹெய்ஸும் ஒருவர்மேல் ஒருவர் எரிந்து விழுவது திரைக்கதைக்காகச் சேர்த்தது. கலத்துக்கு மீண்டும் மின்சாரம் கொடுக்கும் முறையைக் கண்டுபிடிக்க பல பொறியாளர்கள் உழைத்ததைப் பெரும்பாலும் கென் மாட்டிங்லி என்ற ஒரு வீரரின் தோள்மேல் ஏற்றியதும் அப்படியே.

கேள்வி: "ஹூஸ்டன், எங்களுக்கு ஒரு சிக்கல்", "தோல்வி என்ற வழியே கிடையாது" ஆகிய புகழ்பெற்ற வசனங்கள் ரைனர்ட் எழுதியவையா, உண்மையில் பேசப்பட்டவையா?

பதில்: முதலாவது பேசப்பட்டது, ஆனால் சற்று மாறியிருக்கிறது. முதலில் ஸ்வைகர்ட்டும் உடனே லவலும் தரையோடு பேசியபோது, சிக்கல் ஏற்பட்டது என்று கடந்த காலத்தில் சொன்னார்கள். படத்தில் அது நிகழ்காலமாகி, லவலின் வாய்க்குப் போய்விட்டது. ஒரு விகுதி மாற்றந்தான். ஆனால் பார்ப்பவரை 'ஏதோ நடந்துவிட்டது' என்ற இடத்திலிருந்து 'இதோ நடக்கிறது' என்ற இடத்துக்கு இழுத்துவிடுகிறது.

இரண்டாவது வசனத்தை அன்று யாரும் சொல்லவில்லை. கட்டுப்பாட்டு மையத்தில் பணியாற்றிய ஜெர்ரி பாஸ்டிக்கோடு பேசியபோது, அவருடைய விளக்கத்திலிருந்து திரைக்கதை ஆசிரியர்கள் அந்த வரியைப் பிடித்துக்கொண்டு, அந்த மையத்தின் தலைமை இயக்குநர் ஜீன் க்ரான்ஸ் பாத்திரத்துக்குக் கொடுத்தார்கள். பிறகு நடந்ததுதான் எனக்கு மிகவும் பிடித்தது: க்ரான்ஸ் 2000ஆம் ஆண்டில் தம் வாழ்க்கை வரலாற்றை வெளியிட்டபோது அந்த வரியையே தலைப்பாக வைத்தார். தம்மைப் போல நடித்தவர் பேசிய வசனத்தைத் தமது மனத்தின் குரலாக அவரே ஒப்புக்கொண்டார் என்றால், எழுதியவர்களுக்கு அதைவிடப் பெரிய சான்றிதழ் தேவையில்லை.

கேள்வி: அப்போலோ 13இல் நடிகர்கள் மிதப்பது கணினி வித்தையா?

பதில்: பெரும்பகுதி நிஜம். நாசாவின் கேசி-135 விமானம் வில் போல மேலேறிக் கீழிறங்கும்போது ஒவ்வொரு முறையும் 25 நொடிக்கும் குறைவான நேரம் எடையின்மை கிடைத்தது. அப்படி 612 முறை ஏறி இறங்கிப் படமாக்கினார்கள்.

கேள்வி: இவ்வளவு திறமையானவர் தோல்வியே கண்டதில்லையா?

பதில்: கண்டார். 1998இல் வந்த நிலவுப் பயணத் தொலைக்காட்சித் தொடர் ஒன்றில் அப்போலோ 8 பற்றிய '1968' என்ற பகுதியை எழுதியபோதும் அவர் பழகிய நிலத்தில்தான் இருந்தார். ஆனால் 2001இல் முழுவதும் கணினியில் உருவான 'ஃபைனல் ஃபேன்டசி' படத்தின் திரைக்கதையில் ஜெஃப் விண்டாரோடு பங்கேற்றார். சுமார் 13.7 கோடி டாலர் செலவான படம். உலகெங்கும் சேர்த்து 8.5 கோடி டாலர் அளவுக்குத்தான் வசூலானது. அந்தப் படத்தில் மனிதத் தோலின் நுண்துளைகூடத் தெரிந்தது; ஆனால் உயிருள்ள ஒருவர் பேசக் கேட்டு எழுதிய வசனம் என்ற உணர்வு எனக்கு எங்கும் வரவில்லை. அவருடைய பலம் எங்கே இருந்தது என்பதை அந்தத் தோல்வியும் காட்டுகிறது.

கேள்வி: பிற்காலத்தில் விண்வெளியை விட்டுவிட்டு ஒரு கொலை வழக்கைப் படமாக்கினாராமே. ஏன் இப்படித் திசை மாறினார்?

பதில்: 2013இல் வந்த 'ஆன் அன்ரியல் ட்ரீம்' என்ற ஆவணப்படத்தைச் சொல்கிறீர்கள். டெக்ஸஸைச் சேர்ந்த மைக்கேல் மார்ட்டன், மனைவியைக் கொன்றதாக 1987இல் தண்டிக்கப்பட்டு, ஏறத்தாழ 25 ஆண்டு சிறையில் கழித்தவர். வீட்டுக்கு அருகே கிடைத்த ஒரு கைக்குட்டையை டிஎன்ஏ சோதனைக்கு அனுப்ப வேண்டும் என்று அவருடைய வழக்கறிஞர்கள் ஆண்டுக்கணக்கில் போராடினார்கள். கடைசியில் சோதித்தபோது உண்மைக் குற்றவாளி வேறொருவர் என்று தெரியவந்தது. 2011இல் மார்ட்டன் விடுதலையானார்.

திசை மாறியதாக எனக்குத் தோன்றவில்லை. காப்பகத்தில் யாரும் பார்க்காமல் கிடந்த பிலிமும், யாரும் சோதிக்காமல் கிடந்த கைக்குட்டையும் எனக்கு ஒரே வரிசையில் தெரிகின்றன. இரண்டிலும் உண்மை ஏற்கெனவே கைக்கெட்டும் இடத்தில் இருந்தது; எடுத்துப் பார்க்க ஆள் இல்லை. இரண்டு படங்களிலும் ரைனர்ட் தம் குரலை நுழைக்காமல், அனுபவித்தவரையே பேச விட்டிருக்கிறார். இதற்குப் பிறகு, அமெரிக்கப் பறவைகளை வரைந்த ஆடுபோனைப் பற்றியும் ஓர் ஆவணப்படம் எடுத்தார். 2018 டிசம்பர் 31 அன்று டெக்ஸஸில் காலமானார்.

கேள்வி: நான் கல்லூரி மாணவி. விண்வெளியைப் பற்றித் திரைக்கதை எழுத வேண்டும் என்பது என் ஆசை. இயற்பியல் படிக்கட்டுமா, திரைப்படக் கல்லூரியில் சேரட்டுமா?

பதில்: எது உங்களுக்குப் பிடிக்கிறதோ அதைப் படியுங்கள், அம்மா. இரண்டும் உதவும், இரண்டும் இல்லாமல் ரைனர்ட் எழுதினார் என்பதையும் பார்த்தீர்கள். நான் சொல்ல விரும்புவது படிப்போடு கூடவே இப்போதே தொடங்கக்கூடிய ஒரு வேலையை. விண்வெளித் திட்டம் எதிலாவது பணியாற்றி ஓய்வு பெற்ற ஒருவரைத் தேடிப் பிடியுங்கள். பெரிய பெயராக இருக்க வேண்டியதில்லை. வெல்டிங் செய்தவராக இருக்கலாம், கணக்குப் பார்த்தவராக இருக்கலாம். ஏவுதலுக்கு முந்தின இரவு என்ன சாப்பிட்டார், தூங்கினாரா, கையில் என்ன வேலை இருந்தது என்று கேளுங்கள். குறுக்கே பேசாதீர்கள். அவர் அமைதியானால் நீங்களும் அமைதியாக இருங்கள்; அடுத்து வருவதுதான் பெரும்பாலும் நல்ல பகுதி. பேசுவதை முழுவதும் பதிவு செய்து, தேதி எழுதி வையுங்கள். எதற்குப் பயன்படும் என்று அப்போது யோசிக்க வேண்டாம்.

தள்ளிப் போடாதீர்கள் என்று நான் வற்புறுத்துவதற்கு ஒரு காரணம் உண்டு. அப்போலோ 13இன் ஜாக் ஸ்வைகர்ட் 1982 நவம்பரில் அமெரிக்க நாடாளுமன்றத்துக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டார். பதவி ஏற்பதற்கு முன்பே, அந்த டிசம்பரில் புற்றுநோயால் இறந்தார். அவருடைய குரல் அதற்கு முன்பே ரைனர்டின் ஒலிநாடாவில் ஏறியிருந்தது. ஏழு ஆண்டு கழித்து 'ஃபார் ஆல் மேன்கைண்ட்' வெளியானபோது, அரங்கின் இருட்டில் மற்றவர்களின் குரல்களோடு அவரும் பேசிக்கொண்டிருந்தார்.